சிவப்பைத் தாண்டி வழுக்கி வந்த வண்டி

ஓய்வுபெற்ற ரயில்வே ஊழியர்கள் சேர்ந்து இந்த ஆண்டு ஒரு மலர் கொண்டுவருகிறார்கள். எனக்கும் சில பக்கங்கள் ஒதுக்கி, தலைப்பையும் அவர்களே கொடுத்துவிட்டார்கள்: 'பணிக்கால இனிய நினைவுகள்'. யோசித்துப் பார்த்தேன். இனிய நினைவு என்று சொல்லச் சம்பள நாட்கள் இருக்கின்றன. மற்றதெல்லாம் பயம்.

மலர் வேலையைப் பார்த்துக்கொள்பவர் இன்னும் பணியில் இருப்பவர். நான் கடைசியாக வேலை பார்த்த அதே ஸ்டேஷனில் இப்போது மாஸ்டர். போனில் சொன்னார்: "சார், இப்பல்லாம் லீவர் கிடையாது, டோக்கன் கிடையாது. எல்லாம் பட்டன்தான். கேட்டயும் எடுத்துட்டு கீழ சப்வே வெட்டிட்டாங்க. பயமே இல்ல சார்."

பயமே இல்லாத ஸ்டேஷன் மாஸ்டர் என்று கேட்டதும், சத்துவாச்சாரி வீட்டில் மின்விசிறிக்கு நேர் கீழே உட்கார்ந்திருந்த எனக்கு வியர்த்துவிட்டது. ஆகவே தலைப்பை நான் மாற்றிக்கொள்கிறேன். ஊரின் பெயரை எழுதப் போவதில்லை. ஆட்களின் பெயரையும் மாற்றியிருக்கிறேன். பென்ஷன் வாங்குகிறவன் பெயர்கள் விஷயத்தில் கவனமாக இருக்க வேண்டும்.

நான் வரலாற்றில் எம்.ஏ. படித்தவன். பேரரசுகள் விழுந்த காரணங்களைப் பத்து மதிப்பெண்ணுக்கு எழுதத் தெரிந்தவனை ரயில்வே எடுத்துக்கொண்டு, திருச்சியில் மாதக்கணக்கில் உட்கார வைத்து விதிப் புத்தகத்தை மனப்பாடம் செய்ய வைத்தது. அந்தத் தடிமனான புத்தகத்தில் இருப்பது ஒரே ஒரு விதிதான்: எதிரில் வண்டி இல்லை என்று நம்பாதே, உறுதி செய். மீதிப் பக்கங்களெல்லாம் எப்படி உறுதி செய்வது என்பதற்கும், செய்யாவிட்டால் யாரைப் பிடிப்பது என்பதற்கும்.

என் ஊர் இருந்தது கிளைப் பாதையில். போகவும் வரவும் ஒரே தண்டவாளம். எங்கள் ஸ்டேஷனில் மட்டும் அது இரண்டாகப் பிரியும். ஒன்று மெயின், மற்றொன்று லூப். எதிரெதிராக வரும் இரண்டு வண்டிகள் ஒன்றையொன்று தாண்டிப் போக வேண்டுமானால் ஒன்றை லூப்பில் ஒதுக்கி, மற்றதை மெயினில் வாங்க வேண்டும். கிழக்கே வயலும் பாலாற்றுப் பாலமும். மேற்கே, ஸ்டேஷனுக்குள் நுழையும் இடத்தில் ஒரு லெவல் கிராசிங் கேட். அதற்கு அந்தப் பக்கம் தோல் பதனிடும் சாலைகள். காற்று மேற்கிலிருந்து அடிக்கும் நாட்களில் பயணிகள் மூக்கைப் பொத்திக்கொண்டு டிக்கெட் கேட்பார்கள். ஊர்க்காரர்களைக் கேட்டால், "இன்னா நாத்தம்? ஒண்ணும் தெரியலியே" என்பார்கள்.

முதல் வருடங்களில் பணி முடிந்து பாதி வழி போன பிறகு சைக்கிளைத் திருப்பிக்கொண்டு வருவேன். தண்டவாளம் பிரியும் இடத்துப் பாயின்ட்டைப் பூட்டினேனா? பூட்டியிருப்பேன். பூட்டாத நாளே கிடையாது. ஆனாலும் பார்த்துவிட்டுப் போனால்தான் சோறு இறங்கும். மாற்று மாஸ்டர் சிரிப்பார். கனவிலும் இரண்டு வண்டிகள் வரும். இரண்டிலும் விளக்கு எரியும். என் கையில் ஒரே ஒரு கொடி இருக்கும். மனைவி மருத்துவரிடம் கூட்டிப் போனாள். அவர் கேட்டுவிட்டு, "வேலையை மாத்திக்க முடியுமா?" என்றார். முடியாது என்றேன். "அப்ப டீய குறைச்சுக்குங்க" என்றார்.

இந்தப் பயத்துக்கு மையமாக இருந்தது ஒரு விதி. எங்கள் ஸ்டேஷன் போன்ற சின்ன இடங்களில் இரண்டு வண்டிகளையும் ஒரே நேரத்தில் உள்ளே விடக் கூடாது. முதல் வண்டி வந்து, அசையாமல் நின்ற பிறகுதான் எதிர் வண்டிக்கு சிக்னல் கொடுக்க வேண்டும். காரணம் எளிது. முதல் வண்டி நிற்காமல் போய்விட்டால்? லூப்பின் முனையில் இருக்கும் ஸ்டார்ட்டர் சிக்னலைத் தாண்டினால், அது நேராக எதிர் வண்டியின் பாதையில் போய்த்தான் நிற்கும்.

ஆனால் எந்த வண்டியும் நிற்காமல் போவதில்லை. அதனால் பல இடங்களில் முதல் வண்டியின் என்ஜின் பிளாட்பாரத்துக்குள் நுழைந்ததுமே எதிர் வண்டிக்கு சிக்னல் லீவரை இழுத்துவிடுவார்கள். நிற்கத்தானே போகிறது? சில நிமிடம் மிச்சம். எல்லா வண்டிகளையும் தொலைபேசியில் நடத்தும் கன்ட்ரோலருக்கு இந்த மிச்சம் என்றால் உயிர். என்னிடம் மட்டும் அது கிடைக்காது.

"மாஸ்டர், வண்டி உள்ள வந்துருச்சா?"

"வருது சார்."

"அப்ப அவனுக்குக் கொடுங்க."

"நிக்கட்டும் சார்."

"நிக்காம இன்னா, டான்ஸா ஆடப்போவுது? நீங்க ஒருத்தர்தான்யா இந்த லைன்ல வண்டி நின்னு, டிரைவர் டீ குடிச்சு முடிக்கிற வரைக்கும் பாக்கறீங்க."

பயந்தாங்கொள்ளி மாஸ்டர் என்று கன்ட்ரோல் அறையில் எனக்குப் பெயர் இருந்ததாகப் பிற்பாடு கேள்விப்பட்டேன். மறுப்பதற்கு ஒன்றுமில்லை.

இனி அந்த நாள். கோடை. ஒரு மாதமாக மழை இல்லை. காலை வேளை. மேற்கிலிருந்து வேலூர் போகும் பயணிகள் வண்டி. கல்லூரிப் பிள்ளைகளும், ஆஸ்பத்திரிக்கும் கோர்ட்டுக்கும் போகிறவர்களும் நிறைந்த வண்டி. ஓட்டி வந்தவர் டில்லிபாபு. ஓய்வுக்குக் கொஞ்ச காலமே இருந்தது. பீடி, வெற்றிலை எதுவும் கிடையாது. என்னைப் பார்த்தால் நெற்றியில் விரல் வைத்து வணக்கம் சொல்லிவிட்டுப் போகிற மனிதர். கிழக்கிலிருந்து வந்தது இன்னொரு வண்டி. அதில் பெரும்பாலும் பெண்கள். மேற்கே ஷூ கம்பெனிகளில் தைக்கவும் ஒட்டவும் போகிறவர்கள். டில்லிபாபு வண்டி லூப்பில். பெண்கள் வண்டி மெயினில். பெண்கள் வண்டி ஊருக்கு வெளியே சிவப்பு சிக்னலில் வந்து நின்று ஊதிக்கொண்டிருந்தது.

பாயின்ட்ஸ்மேன் பஷீர் பெண்கள் வண்டிக்கான சிக்னல் லீவரில் கை வைத்து நின்றிருந்தார். அவர் எனக்கு முன்பே அந்த ஸ்டேஷனுக்கு வந்தவர்.

"வந்துட்டாரு சார். போட்ரட்டா?"

"நிக்கட்டும் பாய்."

"அந்தப் பொம்பளைங்க நம்மள திட்டறது இங்க கேக்குது சார்."

"கேக்கட்டும்."

நான் பிளாட்பாரத்தில் கொடியோடு நின்றேன். டில்லிபாபு வண்டி கேட்டைத் தாண்டி, பாயின்ட்டில் ஒரு குலுங்கு குலுங்கி லூப்பில் நுழைந்தது. பிரேக் பிடிக்கும் சத்தம் கேட்டது. தினமும் கேட்கிற கிறீச்சிடல்தான். பிறகு அந்தச் சத்தம் நின்றுவிட்டது. வண்டி நிற்கவில்லை.

முதலில் எனக்குப் புரியவில்லை. கண் சக்கரத்துக்குப் போனது. சக்கரம் சுற்றவில்லை. கட்டிப் போட்டதுபோல் அசையாமல் இருந்தது. அசையாத சக்கரத்தோடு வண்டி என்னைத் தாண்டிப் போய்க்கொண்டிருந்தது. ஏறக்குறைய சத்தமே இல்லாமல், பனிக்கட்டி மேல் தள்ளிவிட்ட பெட்டி மாதிரி. ஜன்னலில் டில்லிபாபுவின் முகம் தெரிந்தது. அவர் என்னைப் பார்க்கவில்லை. முன்னால் இருந்த சிவப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். விசிலை அழுத்திய கையை எடுக்கவே இல்லை. பெட்டிகளில் இருந்தவர்கள் ஊர் வந்துவிட்டதென்று பையை எடுத்துக்கொண்டு வாசலில் நின்றார்கள். ஒரு பையன் இறங்கக் காலை நீட்டிவிட்டு, பிளாட்பாரம் தீர்ந்துபோனதைப் பார்த்துக் காலை உள்ளே இழுத்துக்கொண்டான்.

என்ஜின் சிவப்பைத் தாண்டியது. தாண்டி, லூப்பும் மெயினும் சேரும் இடத்தில், மெயின் பாதையின் மேல் மூக்கை நீட்டிக்கொண்டு நின்றது.

பஷீர் லீவரிலிருந்து கையை எடுத்து, அந்தக் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "யா அல்லா" என்றார்.

நான் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டேன். அந்தப் பக்கம் பெண்கள் வண்டி பொறுமையில்லாமல் ஊதிக்கொண்டே இருந்தது. சற்று முன்னால் போட்டிருந்தால் அது இப்போது அந்த மூக்கின் மேல் இருந்திருக்கும். ஜன்னலோரம் உட்கார்ந்து டிபன் டப்பாவைத் திறந்திருக்கும் பெண்களை நினைத்தேன். அதற்கு மேல் நினைக்கவில்லை. நினைக்காமல் இருப்பதற்காகத்தான் நடைமுறை என்று ஒன்று வைத்திருக்கிறார்கள்.

எழுந்தேன். எதிர் வண்டியின் லீவரில் இரும்புக் காலரை மாட்டினேன். யாரும் மறந்தும் இழுத்துவிடக் கூடாது என்பதற்காக அந்த வளையம். கன்ட்ரோலுக்குச் சொன்னேன். டில்லிபாபுவைக் கீழே இறக்கி, ஊதச் சொன்னேன். சிவப்பைத் தாண்டியவர் குடித்திருக்கிறாரா என்று முதலில் பார்க்க வேண்டும், அது விதி. கருவியின் குழாய் அவர் பல்லில் பட்டுக் கடகடவென்று ஆடியது.

"பிரேக் போட்டன் சார். வழக்கமா போடற எடத்துக்கும் முன்னாடியே போட்டன். புடிச்சுது. அப்புறம் உட்ருச்சு."

"தெரியும். பார்த்தேன்."

"யாரு சார் நம்புவாங்க? செவப்ப தாண்டுனவன் சொல்றத யாரு நம்புவாங்க?"

யாரும் நம்ப மாட்டார்கள் என்பது எனக்கும் தெரியும். சிவப்பைத் தாண்டிய டிரைவர் எந்தக் காரணம் சொன்னாலும் அது காரணமல்ல, சாக்கு. அதற்கு ஒரே பரிசு வேலை நீக்கம். பென்ஷனும் சேர்ந்து போகும்.

பயணிகளை எச்சரித்துவிட்டு, எழுத்து மூலம் அனுமதி கொடுத்து, பஷீர் முன்னால் கொடி பிடித்து நடக்க, வண்டியைத் துணை டிரைவரை வைத்து அங்குலம் அங்குலமாகப் பின்னுக்குத் தள்ளி லூப்புக்குள் வைத்தோம். டில்லிபாபு இனி அன்று வண்டி தொடக் கூடாது. பிறகு பெண்கள் வண்டியை மெயினில் வாங்கினேன். வாங்கி, நிறுத்தி வைத்தேன்.

கன்ட்ரோலர் கத்தினார். "மெயின்தான் கிளியராச்சே, அனுப்புங்கய்யா!"

"அனுப்ப முடியாது சார். அது கேட் வழியாத்தான் போகணும். எந்தத் தண்டவாளத்து மேல இந்த வண்டி வழுக்குச்சோ, அதே தண்டவாளத்து மேல அது ஏறிப் போய்ட்டா, அப்புறம் பார்க்க ஒண்ணும் இருக்காது. அதுவும் வழுக்கினா நானும் இருக்க மாட்டேன்."

கேட்டை நோக்கி நடந்தேன். போகிற வழியில் குனிந்து தண்டவாளத்தைத் தொட்டேன். பளபளப்பாக, மெல்லிய படலம். விரலில் ஒட்டியது. மோந்து பார்த்ததும் புரிந்தது. தோலைச் சுண்ணாம்பில் ஊறவைத்து, உள்பக்கத்திலிருந்து கொழுப்புச் சவ்வைச் சீவியெடுப்பார்கள். பசை காய்ச்சுகிறவர்கள் அதை டிராக்டரில் வாரிக்கொண்டு போவார்கள். கேட்டைத் தாண்டுகையில் குலுங்கிச் சிந்தும். சிந்துவது புதிதல்ல, வெயிலில் காய்ந்துபோகும், இல்லை காக்கை தின்னும். அதனால் ஒரு வண்டி இவ்வளவு தூரம் வழுக்காது. வேறு ஏதோ நடந்திருக்கிறது.

கேட்டை நெருங்கியபோது தெரிந்தது. ஒரு மாதமாக மழை இல்லாத ஊரில் கேட் முழுக்க ஈரம். கேட்கீப்பர் ரோஸ்மேரி வாளியும் துடைப்பமுமாகக் குனிந்து நின்றாள். புருஷன் இதே பாதையில் தண்டவாளம் பராமரிக்கும் கேங்மேனாக இருந்து, வேலையில் செத்தவர். அதற்கு ஈடாக இவளுக்குக் கிடைத்த வேலை இது.

"ரோஸ்மேரி, அந்த வாளிய கீழ வைம்மா."

நிமிர்ந்தாள். வாளியை வைக்கவில்லை.

"ட்ராக்டர்காரன் நெறையக் கொட்டிட்டுப் போய்ட்டான் சார். ஒரே நாத்தம். ஈ மொய்க்குது. வண்டிக்கு முன்னாடியே கழுவி உட்டன். சோப்புத்தூள் போட்டுத் தேய்ச்சன் சார், சுத்தமா இருக்கட்டும்னு."

கொழுப்பு, சுண்ணாம்பு, சோப்பு, தண்ணீர். அதைத் துடைப்பத்தால் தண்டவாளத்தின் நீளத்துக்கும் தேய்த்திருக்கிறாள். டில்லிபாபு வண்டியின் சக்கரங்கள் அதை வழித்துக்கொண்டு போய் லூப் முழுக்கப் பூசியிருக்கின்றன. மணலை அள்ளிப் போட்டிருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது. சுத்தக்காரியாக இருந்ததுதான் வினை.

"இப்ப எதுக்கு மறுபடி கழுவற?"

அவள் வாளியைப் பார்த்தாள். பிறகு மெதுவாக, "வண்டி செவப்ப தாண்டிருச்சுன்னு பாய் போன்ல சொன்னாரு" என்றாள். "எனக்குப் பொண்ணு ஒண்ணு இருக்குது சார்."

நான் அங்கேயே நின்றேன். அதுவரை எனக்கிருந்த பயம் வண்டிகளைப் பற்றியது. இது வேறு. தண்டவாளத்தில் இருப்பதைக் காட்டினால் டில்லிபாபு பிழைப்பார், இவள் போவாள். இன்னொரு வாளி தண்ணீர் ஊற்ற விட்டுவிட்டுத் திரும்பி நடந்தால் இவள் பிழைப்பாள், அவர் போவார். என் கையில் ஒரே ஒரு கொடி.

வாளியை வாங்கிப் புல்லில் கவிழ்த்தேன். "நடந்தத நடந்தபடி சொல்லு. அதுக்கு மேல என்னால எதுவும் சொல்ல முடியாது" என்றேன். ஆறுதலாக ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். என்னிடம் இருக்கவில்லை.

சாட்சி இல்லாமல் மாதிரி எடுத்தால் செல்லாது. ஊழியர் ஒருவர், வெளியாள் ஒருவர் வேண்டும். அதற்குள் பெண்கள் வண்டியிலிருந்து பத்திருபது பேர் இறங்கி, துப்பட்டாவைத் தலையில் போட்டுக்கொண்டு என்னை நோக்கி வந்தார்கள்.

"இன்னா சார், வண்டி உடுவியா மாட்டியா? ஷிப்ட் போச்சு. சூப்பர்வைசர் கேட்டோடயே திருப்பி அனுப்பிருவான்."

"அவனுக்கு நீ வந்து பதில் சொல்றியா?"

"பச்சக் கொடி இல்லன்னா சொல்லு சார், என் ஜாக்கெட் துணி தர்றேன்!"

சிரிப்பு. முன்னால் நின்று அதிகம் பேசியவளின் பெயரைக் கேட்டேன். சரளா. "சரளா, கொஞ்சம் என்கூட வாங்க. ஒண்ண தொட்டுப் பார்த்துட்டு அப்புறம் திட்டுங்க" என்றேன்.

அவள் தண்டவாளத்தைத் தொட்டாள். முகம் சுளித்தாள். "அய்ய, ஜவ்வு. சோப்பு வேற. இது மேலயா வண்டி வந்துச்சு?"

"இது மேலதான். அதோ அந்த வண்டி செவப்பு சிக்னல தாண்டி வழுக்கிப் போச்சு. நீங்க அந்தப் பக்கம் நின்னுட்டிருந்தீங்க."

அவள் அங்கிருந்து ஸ்டார்ட்டர் வரைக்கும் பார்த்தாள். பிறகு தன் வண்டி நின்றிருந்த திசையைப் பார்த்தாள். வேறெதுவும் விளக்க வேண்டியிருக்கவில்லை. "எங்க கையெழுத்து போடணும்?" என்றாள். திரும்பிப் போகும்போது மற்ற பெண்களிடம், "மூடிட்டு ஏறுங்கடி" என்று மட்டும் சொன்னது காதில் விழுந்தது.

தண்டவாளத்தைச் சுத்தமான துணியால் மூன்று இடங்களில் துடைத்து, தனித்தனியாகப் பொட்டலம் கட்டி, அரக்கு வைத்தோம். பிறகு பஷீர் கேட்டில் மணலைக் கொட்டித் தேய்த்தார். பெண்கள் வண்டியை நடை வேகத்தில் போகச் சொல்லி அனுப்பினேன். கடைசிப் பெட்டி கேட்டைத் தாண்டும்வரை சக்கரங்களையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

வெயில் ஏறியபோது விசாரணைக்கு ரயில்வே இன்ஸ்பெக்டர் வேதகிரி வந்தார். அவரைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதே இல்லை. எல்லோரையும் 'அய்யா' என்பார், பாயின்ட்ஸ்மேனைக்கூட. வந்ததும் கைக்கடிகாரத்தைக் கழற்றி மேசையில் வைப்பார். பிளேடால் பென்சில் சீவுவார். சீவலை ஒரு தாளில் சேர்த்து, மடித்து, தன் சட்டைப்பையிலேயே வைத்துக்கொள்வார். நம் மேசையில் ஒரு துகள் விழாது. பிறகு நம்முடைய வாக்குமூலத்தை அவரே பென்சிலில் எழுதுவார். "உங்களுக்கு எதுக்கய்யா சிரமம்? இது மேல பேனாவால எழுதிக்கொடுங்க, போதும்." கையெழுத்து நம்முடையது, வாக்கியம் அவருடையது. அந்தப் பாதையில் அவர் முடிக்காத விசாரணை கிடையாது. குற்றமும் தண்ணீர்போலத்தான், பள்ளத்தைப் பார்த்து ஓடும் என்று அவருக்குத் தெரியும். பள்ளம் எது என்று பார்த்து வாய்க்கால் வெட்டுவதுதான் அவருடைய வேலை.

டில்லிபாபு எதிரில் நின்றார். வேதகிரி நான்கு வரி எழுதித் தள்ளினார். பிரேக்கைத் தாமதமாகப் போட்டேன், வேகத்தைத் தவறாகக் கணித்தேன்.

"தப்ப ஒத்துக்கிட்டா தண்டனை கம்மியாகும் அய்யா. நான் சொல்லிப் பாக்கறேன்."

டில்லிபாபு பேனாவை எடுத்துவிட்டார். அதைப் பார்த்தபோதுதான் அன்றைய நாளிலேயே அதிகம் பயந்தேன். அவருக்குத் தன் தவறு என்றே தோன்றத் தொடங்கியிருந்தது.

நான் பொட்டலங்களை மேசையில் வைத்தேன். "சார், தண்டவாளத்துல கொழுப்பு இருந்துச்சு. சாட்சியோட எடுத்திருக்கேன்."

வேதகிரி பொட்டலங்களைப் பார்த்தார். கோபப்படவில்லை. பென்சிலைத் திருப்பி, பின்னால் இருந்த ரப்பரால் நான்கு வரியையும் பொறுமையாக அழித்தார். துகளை ஊதினார். "அப்ப கேட்கீப்பர கூப்பிடுங்கய்யா" என்றார். வாய்க்கால் திரும்பிவிட்டது.

சம்பவ இடத்திலேயே விசாரிக்க வேண்டும் என்று விதி இருப்பதாக ஞாபகப்படுத்தினேன். எல்லோரும் கேட்டுக்குப் போனோம். ரோஸ்மேரி சீருடைப் பொத்தானைக் கழுத்துவரை போட்டுக்கொண்டு நின்றாள்.

வேதகிரி மென்மையாகக் கேட்டார். "தண்ணி ஊத்தி கழுவணும்னு உங்களுக்கு யாரம்மா சொன்னது?"

இந்த இடத்தில் வெளியார் அறியாத ஒரு வழக்கத்தைச் சொல்ல வேண்டும். கேட் அறையில் கேட்கீப்பரின் கடமைகள் ஒரு பலகையில் மாட்டியிருக்கும். இன்ஸ்பெக்டர் வரும்போதெல்லாம் கேட்கீப்பர் அதைப் பள்ளிப்பிள்ளைபோல் ஒப்பிக்க வேண்டும். ஒரு வரி விட்டால் திட்டு. அதனால் இன்ஸ்பெக்டர் எதிரில் வந்து கேள்வி என்று ஒன்று கேட்டாலே, அவர்களுக்கு வாய் தானாக ஓடும்.

ரோஸ்மேரி நேராக நிமிர்ந்தாள். கைகளை உடம்போடு ஒட்டினாள். கண் எதையும் பார்க்கவில்லை. ஒரே மூச்சில் ஒப்பிக்கத் தொடங்கினாள். வண்டி வருமுன் கேட்டை மூட வேண்டும், பூட்ட வேண்டும், கொடி காட்ட வேண்டும், வண்டியில் தொங்குவது புகைவது எதுவும் உண்டா என்று பார்க்க வேண்டும், தண்டவாளத்தின் இடுக்கைச் சுத்தமாக வைக்க வேண்டும், கேட்டின் சாலைப்பரப்பில் தண்ணீர் விட்டுக் கெட்டிப்படுத்தித் தூய்மையாக வைக்க வேண்டும்...

அங்கே நிறுத்தினாள். மூச்சு வாங்கினாள். பிறகு, "போன தடவ அந்த வரிய உட்டுட்டன்னு திட்டுனீங்க சார். அப்பலேருந்து உட்றதே இல்ல" என்றாள்.

அவள் சாமர்த்தியமாகப் பேசவில்லை. பயத்தில் பேசினாள். கண்ணில் நீர் கொட்டிக்கொண்டிருந்தது. துடைக்கக் கையை எடுக்கலாமா என்றுகூட அவளுக்குத் தெரியவில்லை.

வேதகிரி கேட் அறைக்குள் போனார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு பலகையை மேலிருந்து கீழ்வரை படித்தார். அடியில் சரிபார்த்தவர் என்று அவருடைய கையெழுத்தே இருந்தது. அவருக்கு மேலே இன்னும் இரண்டு பெரிய கையெழுத்துகள். கொழுப்பு கொட்டினால் தண்ணீர் விடாதே, மணல் போடு என்று ஒரு வரி அதில் கிடையாது. தோல் ஊருக்கு நடுவே ஒரு கேட்டை வைத்துவிட்டு, எங்கோ வயல்காட்டுக் கேட்டுக்கு எழுதிய விதியை மாட்டியிருந்தார்கள். அத்தனை ஆண்டுகளாக அதன் கீழே நின்று அவள் ஒப்பிப்பதைக் கேட்ட எங்கள் யாருக்கும் அது தோன்றவில்லை.

அவர் குடிக்கத் தண்ணீர் கேட்டார். ஒரே மடக்கில் குடித்துவிட்டு இன்னொரு டம்ளர் கேட்டார். அவரும் பயப்படக்கூடிய மனிதர்தான் என்று அன்று தெரிந்தது. இவளைக் குற்றவாளி என்று எழுதினால் பலகையை எழுத வேண்டும். பலகையை எழுதினால் கையெழுத்துகளை எழுத வேண்டும். எந்தத் தண்ணீரும் மேட்டைப் பார்த்து ஓட அவர் விட்டதில்லை.

ஸ்டேஷனுக்குத் திரும்பி, பென்சிலைச் சீவி, புதிதாக எழுதினார். சாலை வாகனத்திலிருந்து சிந்திய அந்நியப் பொருள். ஊழியர் எவரும் பொறுப்பல்ல. இந்த முறை அதன் மேல் பேனாவால் எழுத எனக்குத் தயக்கம் இருக்கவில்லை. ஒரு மாதத்துக்குள் பலகையில் புது வரி சேர்ந்தது. கேட் ஓரத்தில் மணல் தொட்டி வந்தது. டிராக்டர்காரனை யாரும் தேடவில்லை. ரோஸ்மேரிக்கு ஒரு எச்சரிக்கைக் கடிதம் வந்தது, எதற்கென்று அதில் தெளிவாக எழுதியிருக்கவில்லை. டில்லிபாபுவைச் சில மாதம் பணியிடை நீக்கத்தில் வைத்திருந்துவிட்டு, கண் பரிசோதனை, மனப் பரிசோதனை எல்லாம் முடித்து, மறுபடி அதே பாதையில் அதே வண்டியைக் கொடுத்தார்கள்.

அவர் திரும்பி வந்த முதல் நாள் நான்தான் பணியில் இருந்தேன். வண்டி கேட்டைத் தாண்டி லூப்பில் நுழைந்தது, மாட்டு வண்டி வேகத்தில். ஸ்டார்ட்டருக்கு வெகு தூரம் முன்னாலேயே நின்றுவிட்டது. பின்பக்கத்து இரண்டு பெட்டிகள் பிளாட்பாரத்துக்கு வெளியே, ஜல்லியின் மேல். இறங்க வேண்டியவர்கள் எட்டிப் பார்த்தார்கள். ஒரு பெரியம்மா, "டேய், இங்க எப்பிட்றா குதிக்கறது? உன் வூட்ல வயசானவங்க இல்லியா?" என்று என்ஜினைப் பார்த்துக் கத்தினாள். டில்லிபாபு ஜன்னலில் இருந்தார். நெற்றியில் விரல் வைக்கவில்லை. இரண்டு கையும் பிரேக் பிடியின் மேல் இருந்தன.

அவர் ஓய்வு பெறும்வரை அப்படித்தான் நிறுத்தினார். புகார்கள் வந்தன. இன்னும் இரண்டு பெட்டி முன்னால் வரச் சொல்லி டிரைவருக்குக் கொடி காட்டுவது ஸ்டேஷன் மாஸ்டரின் கடமை. விதி எண்ணும் எனக்குத் தெரியும். பஷீரை ஒரு ஸ்டூல் எடுத்துக்கொண்டு கடைசிப் பெட்டிக்குப் போகச் சொன்னேன்.